அப்பா ஜோக் யாருடையது?

அன்புள்ள ஆசிரியருக்கு,

டல்லஸில் வசிக்கிறோம். மகளுக்கு 13 வயது. அவள் "ஐயாம் ஹங்ரி" என்றால் நான் "ஹாய் ஹங்ரி, ஐயாம் டாட்" என்பேன். சின்ன வயதில் விழுந்து விழுந்து சிரித்தவள் இப்போது தலையில் அடித்துக்கொள்கிறாள். தோழிகள் முன்னால் சொல்லவே கூடாதாம். இந்த 'டாட் ஜோக்' இணையம் கிளப்பிவிட்டதுதானா? விட்டுவிடலாமா?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

இணையம் பரவுவதற்கு முன்பே அந்தப் பெயர் அச்சேறிவிட்டது. 1987 ஜூனில், தந்தையர் தினத்தை ஒட்டி, பென்சில்வேனியாவின் 'கெட்டிஸ்பர்க் டைம்ஸ்' நாளிதழில் ஒரு கட்டுரை வந்தது. டாட் ஜோக்குகளைத் தடை செய்யாதீர்கள், போற்றிப் பாதுகாருங்கள் என்பதுதான் அதன் தலைப்பு. பாதுகாக்கச் சொல்லி எழுத வேண்டியிருந்தது என்றால், வீடுகளில் எதிர்ப்பு அப்போதே இருந்திருக்கிறது. மெரியம்-வெப்ஸ்டர் அகராதியில் 2019இல்தான் இடம் கிடைத்தது.

ஜோக் அதைவிட மிகப் பழையது. பழைய கிரேக்கக் காவியமான ஹோமரின் ஒடிசியில் ஒற்றைக்கண் அரக்கனிடம் ஒடிசியஸ் தன் பெயர் 'யாருமில்லை' என்கிறான். பிறகு கண்ணில் குத்துப்பட்ட அரக்கன் "யாருமில்லை என்னைக் கொல்கிறான்" என்று அலற, உதவிக்கு ஓடிவந்தவர்கள் திரும்பிப் போய்விடுகிறார்கள். அவர்கள் பெயரை வெறும் சொல்லாக எடுத்துக்கொண்டார்கள். நீங்கள் வெறும் சொல்லைப் பெயராக எடுத்துக்கொள்கிறீர்கள், அவ்வளவுதான். கோழி ஏன் சாலையைக் கடந்தது, அந்தப் பக்கம் போகத்தான் என்ற புதிரும் 1847இலேயே நியூயார்க்கின் 'நிக்கர்பாக்கர்' இதழில் வந்திருக்கிறது.

சரி, இதெல்லாம் அப்பாக்கள் தலையில் எப்படி வந்து விழுந்தது? பிள்ளை வளர்வதால்தான் என்று நினைக்கிறேன். ஆறேழு வயதில் ஒரு சொல்லுக்கு இரண்டு பொருள் உண்டென்று பிடிபடும்போது குழந்தைக்கு அது பெரிய கண்டுபிடிப்பு. பதின்வயதில் அந்த வியப்பு போய்விடுகிறது. அப்பா மட்டும் அதே ஜோக்கைச் சொல்லிக்கொண்டிருக்கிறார். டென்மார்க்கின் ஆர்ஹுஸ் பல்கலைக்கழக ஆய்வாளர் மார்க் ஹூய-க்னுட்சன் 2021இல் இதைப் பற்றி எழுதினார். பிள்ளைகளோடு கட்டிப்புரண்டு விளையாடும் அப்பாக்களின் சீண்டலே பிறகு இந்த ஜோக்காகத் தொடர்கிறது, வெட்கப்பட நேர்ந்தாலும் ஒன்றும் ஆகிவிடாது என்று பிள்ளை அதில் பழகிக்கொள்கிறது என்பது அவர் வாதம். எனக்கு அது மிகவும் சரியாகப் படுகிறது.

ஆனால் ஒன்று சேர்க்க வேண்டும். ஜப்பானில் நடுவயது ஆண்கள் அடிக்கும் கடி ஜோக்குக்கு 'ஓயாஜி க்யாகு' என்று பெயர். 'ஃபுதோன் கா ஃபுத்தோந்தா', அதாவது மெத்தை பறந்துபோச்சு, அதில் ரொம்பப் பிரபலம். அதையே அலுவலகத்தில் மேலாளர் சொன்னால் கீழே வேலை பார்ப்பவர் சிரித்துத்தான் ஆக வேண்டும். உங்கள் மகளுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. அப்பாவைப் பார்த்து "ஐயோ" என்று முகத்துக்கு நேராகச் சொல்ல முடிகிறது. இந்த ஜோக்கில் நான் மதிப்பது அந்தச் சுதந்திரத்தைத்தான்.

அதனால் வீட்டில் தாராளமாகத் தொடருங்கள். தோழிகள் முன்னால் வேண்டாம் என்று அவள் கேட்பது நியாயம். அங்கே சிரிப்பதா முறைப்பதா என்று அவள் தவிக்க வேண்டியிருக்கும்.