எக்ஸ்டர்னல் டிரைவில் கேம் ஓடுமா?

கேள்வி: என் லேப்டாப்பின் 256 ஜிபி எஸ்எஸ்டி நிரம்பிவிட்டது. எக்ஸ்டர்னல் டிரைவில் கேமை இன்ஸ்டால் செய்து அங்கிருந்தே விளையாடலாமா?

பதில்: தாராளமாக. ஸ்டீமில் (கேம் வாங்கி இன்ஸ்டால் செய்யும் ஆப்) செட்டிங்ஸ், ஸ்டோரேஜ் போய் டிரைவைச் சேர்த்துவிடுங்கள். அப்புறம் ஒவ்வொரு கேமையும் எங்கே வைப்பது என்று அதுவே கேட்கும். ஏற்கெனவே உள்ள கேமையும் அங்கே நகர்த்தலாம்.

எந்த டிரைவ் என்பதில்தான் விஷயமே இருக்கிறது. சுழலும் ஹார்ட் டிஸ்க் என்றால் பழைய கேம்கள் சமாளிக்கும். திறந்தவெளி உலகம் உள்ள புதிய கேம்களில் ஓடிக்கொண்டே இருக்கும்போது சாலையும் கட்டடமும் தாமதமாக முளைக்கும். எனக்கு அது சகிக்காது. எஸ்எஸ்டியே வாங்குங்கள். அதை யூஎஸ்பி 3 போர்ட்டில் செருகுங்கள். யூஎஸ்பி 2-இல் செருகினால் நொடிக்கு 40 எம்பி தாண்டுவதே அபூர்வம், எஸ்எஸ்டி வாங்கிய காசு வீண். பென் டிரைவா? வேண்டவே வேண்டாம்.

டிரைவை என்டிஎஃப்எஸ் முறையில் ஃபார்மேட் செய்யுங்கள். ஃபேட்32 என்ற பழைய முறையில் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஃபைல் ஏறாது. ஃபார்மேட் செய்தால் உள்ளே இருப்பதெல்லாம் அழியும் என்பதும் நினைவிருக்கட்டும்.

நேற்று ஓடிய கேமை இன்று காணவில்லையா? டிரைவ் எழுத்து E-யிலிருந்து F-க்கு மாறியிருக்கும். விண்டோஸின் டிஸ்க் மேனேஜ்மென்டில் பழைய எழுத்தையே கொடுத்தால் சரியாகிவிடும்.

இன்னொன்று: பல கேம்களின் சேவ் ஃபைல்கள் (எதுவரை விளையாடினோம் என்ற பதிவு) C டிரைவில்தான் உட்கார்ந்திருக்கும். வேறு கம்ப்யூட்டரில் செருகினால், கிளவுட் சேவ் (அந்தப் பதிவை ஆன்லைனிலும் வைப்பது) இல்லாத கேம் முதல் கட்டத்திலிருந்தே தொடங்கும்.