செக் கேஸில் ஒரே ஒரு வாய்தா தவறியது...

கேள்வி: வணக்கம் மேடம். பெங்களூரு அல்சூரில் அட்டைப்பெட்டி செய்து கொடுக்கும் சின்ன யூனிட் வைத்திருக்கிறேன். சரக்கு எடுத்தவர் கொடுத்த 3,40,000 ரூபாய் செக், கணக்கில் பணமில்லை என்று திரும்பிவிட்டது. நோட்டீஸ் விட்டு, 2024 அக்டோபரில் மேயோ ஹால் கோர்ட்டில் கேஸ் போட்டேன். என் சாட்சியம், குறுக்கு விசாரணை எல்லாம் முடிந்தது. எதிராளி தரப்பு சாட்சிக்கு வைத்திருந்த வாய்தா அன்று நான் டெங்குவில் ஆஸ்பத்திரியில். வக்கீலும் போகவில்லை. அன்றே அவரை விடுதலை செய்துவிட்டார்கள். இன்றோடு 18 நாள். அதே கோர்ட்டில் மனு போட்டுக் கேஸைத் திரும்ப எடுக்கலாம் என்கிறார் மைத்துனர். முடியுமா?
- வாசகர், அல்சூர்

பதில்: முதலில் போய், ஒவ்வொரு வாய்தாவிலும் நடந்ததைக் கோர்ட் குறித்து வைக்கும் ஆர்டர் ஷீட்டுக்கு சர்டிஃபைடு காப்பி விண்ணப்பம் போடுங்கள். மிச்சத்தை வந்து படிக்கலாம். உங்கள் கடிதம் என்னிடம் வந்து, இது அச்சாவதற்குள் அந்த 18 எத்தனை ஆகியிருக்குமோ!

மைத்துனர் சொல்வது சிவில் கேஸ் கணக்கு. அங்கே ஆள் வராமல் தள்ளுபடியானால், அதே நீதிபதியிடம் காரணம் சொல்லி வழக்கை மீட்கலாம். செக் கேஸ் கிரிமினல். விடுதலை என்று கையெழுத்துப் போட்டபிறகு அந்த மாஜிஸ்டிரேட்டே நினைத்தாலும் அதை மாற்ற முடியாது. அதே செக்குக்குப் புதிதாகப் புகாரும் கொடுக்க முடியாது. சாட்சியத்தை எடை போடாமல் கொடுத்ததுதான், ஆனாலும் அது விடுதலைதான். அப்பீல் ஒன்றே வழி.

எங்கே போடுவது? முன்பெல்லாம் உயர் நீதிமன்றத்தில் தனி அனுமதி கேட்க வேண்டும். அதற்கு 60 நாள். 2025-ல், சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன செலஸ்டியம் ஃபைனான்ஷியல் வழக்கில், செக் திரும்பிப் பணம் இழந்த புகார்தாரரும் 'பாதிக்கப்பட்டவர்'தான், தனி அனுமதி கேட்காமலேயே அப்பீல் போகலாம் என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆக, செஷன்ஸ் கோர்ட். உங்களுக்கு அதுவும் மேயோ ஹாலிலேயே இருக்கிறது. இந்த வழிக்குச் சட்டம் தனியாக நாள் குறிக்கவில்லை. அதை நம்பி உட்காராதீர்கள், 30 நாளுக்குள் போடுங்கள். தாண்டிவிட்டால் தாமதத்தை மன்னிக்கச் சொல்லும் மனுவையும் சேர்த்துப் போடுங்கள்.

அப்பீலில் கடன் கதையை எழுத வேண்டாம். வருகிறவர்கள் எல்லாரும் "எத்தனை லோடு எடுத்தான் தெரியுமா மேடம்" என்றுதான் ஆரம்பிப்பார்கள். இங்கே கேள்வி ஒன்றுதான்: அன்று நீங்கள் இல்லாததற்கு இந்தத் தண்டனை சரியா?

உங்கள் கடிதத்தில் என் கண் நின்றது அந்த 2024 அக்டோபரில். அந்த வருஷம் ஜூலை 1-ல் வந்த புதிய நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ்.ஸின் 279-வது பிரிவு, புகார்தாரர் வரவில்லையென்றால் ஆஜராக 30 நாள் அவகாசம் கொடுத்த பிறகே விடுதலை செய்யச் சொல்கிறது. பழைய சட்டத்தின் 256-ல் இது கிடையாது. ஆர்டர் ஷீட்டில் அந்த 30 நாளைத் தேடுங்கள். நீங்கள் சொல்வதுபோல அன்றைக்கே முடித்திருந்தால், அப்பீலின் முதல் பாரா அதுதான்.

இரண்டாவது, அன்று எதிராளி சாட்சி சொல்லும் நாள். உங்களுக்கு அங்கே என்ன வேலை? புகார்தாரர் அன்று இருந்தே ஆக வேண்டுமா என்று யோசிக்காமல் விடுதலை செய்யக்கூடாது என்று 1997-லேயே அசோசியேட்டட் சிமெண்ட் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. எல்லா வாய்தாவிலும் நீங்கள் ஆஜரானதும் அதே ஆர்டர் ஷீட்டில் இருக்கும். தேதிவாரியாக எடுத்து எழுதச் சொல்லுங்கள்.

ஆஸ்பத்திரி பில் போதாது. சேர்ந்த தேதியும் வீட்டுக்கு அனுப்பிய தேதியும் உள்ள டிஸ்சார்ஜ் சம்மரி வேண்டும்.

ஜெயித்தால் பணம் கைக்கு வராது. கேஸ் நின்ற இடத்திலிருந்து மறுபடி ஓடும், அவ்வளவுதான். எதிராளிக்குச் செலவுத்தொகை கட்டச் சொன்னால் முணுமுணுக்காமல் கட்டிவிடுங்கள்.

வக்கீலை மாற்றலாமா என்று நீங்கள் கேட்கவில்லை. தொழிலுக்கு வந்த புதிதில் நான் கீழே ஒரு ஹாலில் காத்திருக்க, மாடியில் என் கேஸைக் கூப்பிட்டு முடித்துவிட்டார்கள். அதனால் எடுத்தவுடன் யாரையும் திட்டமாட்டேன். ஏன் வரவில்லை என்று ஒரு அஃபிடவிட் கொடுக்கச் சொல்லுங்கள். கொடுத்தால் அவரையே வைத்துக்கொள்ளுங்கள்.