ப்ளே ஸ்டோர் திறக்க மறுக்கிறதா? கேள்வி பதில்

ஆண்ட்ராய்டு கைபேசியில் ப்ளே ஸ்டோர் திறக்காமல் அடம்பிடிப்பது பற்றி வந்த கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதுகிறேன். ப்ளே ஸ்டோர் என்பது கடையின் முகப்புதான். வந்திருப்பவர் யார் என்று கணக்கைச் சரிபார்ப்பது முதலான வேலைகளைப் பின்னால் ஓசையின்றி ஓடிக்கொண்டிருக்கும் கூகுள் ப்ளே சர்வீசஸ் கவனித்துக்கொள்கிறது. எனவே முகப்பில் தெரியும் கோளாறுக்கான காரணம், பெரும்பாலும் முகப்பில் இருப்பதில்லை.

கேள்வி: ப்ளே ஸ்டோரைத் திறந்தால் வெள்ளைத் திரையில் வட்டம் சுற்றிக்கொண்டே இருக்கிறது, பிறகு 'மீண்டும் முயல்க' என்று வருகிறது. வாட்ஸ்அப்பும் யூடியூபும் நன்றாக ஓடுகின்றன. எங்கிருந்து தொடங்குவது, ஐயா?

பதில்: நீங்கள் சொன்ன இரண்டாவது வாக்கியத்திலேயே பாதி விடை இருக்கிறது. தேதியும் நேரமும் தவறியிருந்தால் வாட்ஸ்அப்தான் முதலில் புகார் சொல்லியிருக்கும். இணையமே இல்லையென்றால் யூடியூப் நின்றிருக்கும். ஆகவே அந்த இரண்டையும் இப்போதைக்கு ஒதுக்கிவிடலாம்.

முதலில் வைஃபையை அணைத்துவிட்டு மொபைல் டேட்டாவில் திறந்து பாருங்கள். திறந்தால் கோளாறு உங்கள் வீட்டு ரௌட்டரில் இருக்கிறது. அதை அணைத்து ஒரு நிமிடம் கழித்துப் போடுங்கள். இரண்டிலும் திறக்கவில்லையென்றால் கைபேசிக்குள் பார்க்க வேண்டும். அமைப்புகளில் செயலிகளின் பட்டியலுக்குச் சென்று, ப்ளே ஸ்டோரைத் தேர்ந்தெடுத்து, அதைக் கட்டாயமாக நிறுத்திவிட்டு, சேமிப்பகப் பகுதியில் தற்காலிகச் சேமிப்பை, அதாவது கேஷை மட்டும் அழியுங்கள். பலன் இல்லையென்றால் கூகுள் ப்ளே சர்வீசஸுக்கும் கேஷை மட்டும் அழியுங்கள். அதற்கும் அசையவில்லையென்றால் ப்ளே ஸ்டோரின் முழுத் தரவையும் அழித்துவிட்டுக் கைபேசியை ஒருமுறை அணைத்துப் போடுங்கள். கடைசியாக, ப்ளே ஸ்டோரின் விவரப் பக்கத்தில் மேல் மூலையில் உள்ள மூன்று புள்ளிகளைத் தொட்டு, புதுப்பிப்புகளை நீக்கலாம். அப்போது கைபேசியோடு வந்த பழைய பதிப்புக்கு அது திரும்பும்; பிறகு தானாகவே தன்னைப் புதுப்பித்துக்கொள்ளும்.

இந்த வரிசையை மாற்ற வேண்டாம் என்று வற்புறுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. எல்லாவற்றையும் ஒரே மூச்சில் செய்துவிட்டால், எது குணப்படுத்தியது என்று தெரியாமல் போகும். அடுத்த மாதம் அதே கோளாறு வந்தால் மறுபடியும் முதலிலிருந்து தொடங்க வேண்டியிருக்கும்.

கேள்வி: தரவை அழித்தால் என் புகைப்படங்களும் ஏற்கெனவே உள்ள செயலிகளும் போய்விடாதா?

பதில்: போகாது. ப்ளே ஸ்டோரின் தரவு என்பது அந்தக் கடை தனக்காக எழுதி வைத்திருக்கும் குறிப்புகளும் நீங்கள் அதில் செய்த விருப்ப அமைப்புகளும்தான். ப்ளே சர்வீசஸின் தரவு அப்படியல்ல. அதைத் தொட்டால் கூகுள் வாலட்டில் சேர்த்த அட்டை போன்றவற்றை மறுபடியும் அமைக்க வேண்டிவரலாம். அதனால்தான் அங்கே கேஷோடு நிறுத்தச் சொன்னேன்.

கேள்வி: அலமாரியில் இரண்டு ஆண்டுகள் கிடந்த அப்பாவின் பழைய கைபேசிக்கு உயிர் கொடுத்தேன். இணையம் இருக்கிறது, ஆனால் ப்ளே ஸ்டோர் மட்டுமல்ல, எந்த இணையப் பக்கமும் திறக்கவில்லை. பாதுகாப்பு எச்சரிக்கை வருகிறது.

பதில்: உங்கள் விஷயத்தில்தான் கடிகாரம் குற்றவாளி. மின்கலம் முழுவதும் வற்றிய கைபேசி தேதியை மறந்து, பல ஆண்டுகள் பின்னுக்குப் போய் நிற்கும். சில கருவிகள் 1970 ஜனவரி 1 என்றே காட்டும். கைபேசி ஒரு வழங்கியோடு, அதாவது இணையத்தில் உள்ள சர்வரோடு, பேசத் தொடங்கும்போது, அந்த வழங்கி தன் அடையாளச் சான்றிதழை நீட்டுகிறது. அதில் 'இந்த நாள் முதல் இந்த நாள் வரை செல்லும்' என்று எழுதியிருக்கும். கைபேசி தன் கடிகாரத்தைப் பார்த்துத்தான் சான்றிதழ் செல்லுமா என்று முடிவு செய்கிறது. கடிகாரம் 1970இல் நின்றால், இன்றைய சான்றிதழ் இன்னும் பிறக்கவே இல்லை என்று எண்ணிக் கதவைச் சாத்திவிடும். கைபேசியின் நோக்கில் அது செய்வது சரியே. தேதி, நேர அமைப்பில் தானியங்கித் தேர்வை இயக்குங்கள். சிம் இல்லையென்றால் கையால் திருத்துங்கள். நேர மண்டலத்தையும் பார்க்க மறக்க வேண்டாம்.

அதன் பிறகும் திறக்கவில்லையென்றால் ஆண்ட்ராய்டு பதிப்பைப் பாருங்கள். ஜெல்லி பீன் எனப்படும் 4.1 முதல் 4.3 வரையிலான பதிப்புகளுக்கு ப்ளே சர்வீசஸின் புதுப்பிப்பை 2021இலும், கிட்கேட் எனப்படும் 4.4க்கு 2023இலும் கூகுள் நிறுத்திவிட்டது. 2.3.7 அல்லது அதற்கும் பழைய பதிப்பென்றால், 2021 செப்டம்பர் 27 முதல் கூகுள் கணக்கில் நுழையவே இயலாது. அப்பாவின் கைபேசி இந்த வகையென்றால் அதைப் பாட்டுக் கேட்கவும் அலாரம் வைக்கவும் வைத்துக்கொள்ளுங்கள்; வங்கிச் செயலி எதையும் அதில் ஏற்ற முயல வேண்டாம்.

கேள்வி: எனக்குக் கடை திறக்கிறது. ஆனால் எந்தச் செயலியைத் தொட்டாலும் 'நிலுவையில் உள்ளது' என்றே நிற்கிறது.

பதில்: இது வேறு நோய். கடையில் உள்ள உங்கள் படத்தைத் தொட்டு, செயலிகளை நிர்வகிக்கும் பகுதிக்குப் போனால், பின்னணியில் இருபது செயலிகள் புதுப்பிப்புக்காக வரிசையில் நிற்பதைப் பெரும்பாலும் காண்பீர்கள். அவற்றை நிறுத்தினால் உங்களுடையது முன்னால் வரும். அடுத்து, ப்ளே ஸ்டோர் அமைப்புகளில் நெட்வொர்க் விருப்பத்தேர்வு 'வைஃபையில் மட்டும்' என்று இருக்கிறதா என்று பாருங்கள். மொபைல் டேட்டாவில் இருந்துகொண்டு காத்திருந்தால் அது காத்துக்கொண்டேதான் இருக்கும். மூன்றாவது, இடப் பற்றாக்குறை. காலி இடம் 1 ஜிபிக்குக் கீழே இறங்கிவிட்டால் நிறுவுவதில் சிக்கல் வரும் என்பதே பொதுக் கணக்கு. 50 எம்பி செயலிக்கு 60 எம்பி இடம் இருந்தால் போதும் என்று நினைக்கக் கூடாது. இறக்கிய கோப்பைப் பிரித்து விரிக்கவும் இடம் வேண்டும். வாட்ஸ்அப்பில் வந்து குவியும் காலை வணக்கப் படங்களையும் காணொளிகளையும் துடைத்தாலே பலருக்கு ஒன்றிரண்டு ஜிபி மீளும்.

கேள்வி: அலுவலக வைஃபையில் மட்டும் வரவில்லை.

பதில்: கூகுளின் அறிவிப்புச் சேவை 5228 முதல் 5230 வரையிலான போர்ட்டுகளை, அதாவது தரவு வந்து போகும் எண்ணிட்ட வாசல்களைப் பயன்படுத்துகிறது, பல அலுவலகத் தடுப்புச் சுவர்கள் (ஃபயர்வால்) அவற்றை மூடி வைத்திருக்கும். சில இடங்களில் ப்ளே ஸ்டோரையே தடுத்திருப்பார்கள். அது அவர்கள் முடிவு; இணைப்பை வேறொரு வழங்கி வழியாகத் திருப்பிவிடும் விபிஎன் போட்டுச் சுற்றிப் போகாமல் உங்கள் சொந்த டேட்டாவில் இறக்கிக்கொள்ளுங்கள். ரயில் நிலையம், விடுதி போன்ற இடங்களில் இதே நிலை வந்தால், உலாவியைத் திறந்து அங்குள்ள உள்நுழைவுப் பக்கத்தை முடித்தீர்களா என்று மட்டும் பாருங்கள்.

கேள்வி: முதல் கேள்வி கேட்டவன்தான் மீண்டும் வருகிறேன். நீங்கள் சொன்ன எல்லாவற்றையும் அதே வரிசையில் செய்துவிட்டேன். வைஃபை, டேட்டா இரண்டிலும் அப்படியே இருக்கிறது. விளம்பரம் வராமல் இருக்க ஒரு நண்பர் ஏதோ அமைத்துக் கொடுத்தார். அதற்கும் இதற்கும் தொடர்பிருக்குமா?

பதில்: இருக்கும். அந்த 'ஏதோ' பெரும்பாலும் பிரைவேட் டிஎன்எஸ் ஆக இருக்கும். ஆண்ட்ராய்டு 9 முதல் இந்த வசதி உண்டு. இணைய முகவரிகளைத் தேடிக் கொடுக்கும் வேலையை, நாம் குறிப்பிடும் ஒரு வழங்கியிடம் ஒப்படைப்பது இதன் வேலை; உங்கள் நண்பர் விளம்பரங்களை வடிகட்டும் வழங்கி ஒன்றைக் கொடுத்திருப்பார். வடிகட்டும் பட்டியல் கடுமையாக இருந்தால் விளம்பரத்தோடு சேர்த்துக் கூகுளின் தேவையான முகவரிகளையும் அடைத்துவிடும். இது வைஃபை, டேட்டா இரண்டுக்கும் பொதுவான அமைப்பு என்பதால்தான், இணைப்பை மாற்றியும் உங்களுக்குப் பலன் கிடைக்கவில்லை. நெட்வொர்க் அமைப்புகளில் பிரைவேட் டிஎன்எஸ் என்பதைத் தேடி, 'தானியங்கி' என்று மாற்றுங்கள். சாம்சங் கைபேசியில் இது இணைப்புகள் பகுதியில், கூடுதல் இணைப்பு அமைப்புகளுக்குள் ஒளிந்திருக்கும். விளம்பரத் தடுப்புச் செயலி எதுவும் விபிஎன் போல ஓடுகிறதென்றால் அதையும் நிறுத்திப் பாருங்கள். முதலிலேயே இதைக் கேட்டிருக்க வேண்டியவன் நான்தான்.

கேள்வி: துபாயில் வேலை செய்கிறேன். கடை திறக்கிறது, ஊரில் உள்ள என் வங்கியின் செயலி மட்டும் 'உங்கள் நாட்டில் கிடைக்காது' என்கிறது.

பதில்: இது கோளாறு அல்ல. ஒவ்வொரு கூகுள் கணக்கும் ப்ளே ஸ்டோரில் ஒரு நாட்டோடு கட்டப்பட்டிருக்கும். செயலியை எந்தெந்த நாட்டில் கொடுப்பது என்பதை அதை வெளியிடுபவர் தீர்மானிக்கிறார். நாட்டை ஆண்டுக்கு ஒருமுறைதான் மாற்ற முடியும். பழைய நாட்டுக் கணக்கில் உள்ள ப்ளே இருப்புத் தொகை புதிய நாட்டுக்குக் கூடவே வராது. எனவே அவசரப்பட்டு மாற்ற வேண்டாம். இந்திய நாட்டமைப்போடு பழைய கணக்கு ஒன்று இருந்தால் அதையும் கைபேசியில் சேர்த்து, ப்ளே ஸ்டோரில் அந்தக் கணக்குக்கு மாறிக்கொண்டு தேடுங்கள்.

கேள்வி: தம்பி வெளிநாட்டிலிருந்து வாங்கி வந்த ஹுவாவே கைபேசியில் ப்ளே ஸ்டோரே இல்லை.

பதில்: 2019 மே மாதம் அமெரிக்க அரசு விதித்த வணிகத் தடைக்குப் பின், அந்த நிறுவனத்தின் புதிய கைபேசிகள் கூகுள் சேவைகள் இல்லாமலேயே வெளியாகின்றன. ஆப்கேலரி என்ற அவர்களுடைய சொந்தக் கடைதான் அதில் இருக்கும். யாரோ ஒருவர் குறுக்கு வழியில் ப்ளே ஸ்டோரை ஏற்றித் தருகிறேன் என்றால், அது அடுத்த புதுப்பிப்பு வரை தாங்குமா என்று கேட்டுவிட்டுப் பணம் கொடுங்கள்.

கேள்வி: கைபேசி சேவை மையத்திலிருந்து பேசுவதாக ஒருவர் அழைத்து, ப்ளே ஸ்டோரின் புதிய பதிப்பு என்று வாட்ஸ்அப்பில் ஏபிகே கோப்பு, அதாவது செயலியை நேரடியாக நிறுவும் கோப்பு அனுப்பினார். அம்மா அதை நிறுவிவிட்டார்கள்.

பதில்: மற்ற கேள்விகளைவிட இதற்கு உடனே செயல்பட வேண்டும். ப்ளே ஸ்டோர் தன்னைத் தானே புதுப்பித்துக்கொள்ளும். அதற்காக யாரும் யாருக்கும் கோப்பு அனுப்புவதில்லை. கைபேசியை விமானப் பயன்முறைக்கு மாற்றுங்கள். புதிதாக வந்த செயலியை நீக்குங்கள். நீக்க மறுத்தால் அணுகல்தன்மை, சாதன நிர்வாகி ஆகிய அனுமதிகளை அதனிடமிருந்து பறித்துவிட்டு நீக்குங்கள். வேறொரு கைபேசியிலிருந்து வங்கியை அழைத்துக் கணக்கை நிறுத்தி வைக்கச் சொல்லுங்கள். கூகுள் கடவுச்சொல்லையும் மற்றொரு கருவியிலிருந்தே மாற்றுங்கள். பணம் போயிருந்தால் 1930 என்ற இந்திய இணையக் குற்ற உதவி எண்ணுக்கு உடனே சொல்லுங்கள். தாமதிக்கத் தாமதிக்க, போன பணத்தை இடையில் மறிப்பது கடினமாகும்.

கேள்வி: ஐபோனில் ஆப் ஸ்டோர் சின்னமே காணவில்லை.

பதில்: ஸ்கிரீன் டைம் அமைப்பில் செயலிகளை நிறுவும் அனுமதி மூடப்பட்டிருக்கலாம். வீட்டில் குழந்தைகளுக்காக யாராவது போட்ட பூட்டாக இருக்கும்.

கேள்வி: எதுவும் பலிக்கவில்லையென்றால் கைபேசியில் உள்ள எல்லாவற்றையும் அழித்துப் புதிதாக்கும் ஃபேக்டரி ரீசெட் செய்துவிடலாமா?

பதில்: அதற்கு முன் இன்னும் ஒன்று பாக்கி இருக்கிறது. கைபேசியிலிருந்து கூகுள் கணக்கை நீக்கிவிட்டு மறுபடியும் சேருங்கள். வழங்கியிலிருந்து தகவல் பெறுவதில் பிழை என்று வரும் பலருக்கு இதிலேயே சரியாகிவிடுகிறது. கடவுச்சொல் நினைவிருக்கிறதா என்று உறுதி செய்துகொண்டே நீக்குங்கள். ரீசெட்தான் வழி என்றால், தேவையானவற்றை நகலெடுத்துவிட்டு, அமைப்புகளுக்குள் சென்றே செய்யுங்கள். கைபேசியை அணைத்துப் பொத்தான்களை அழுத்தித் திறக்கும் ரெக்கவரி திரை வழியாகச் செய்தால், ஆண்ட்ராய்டு 5.1 முதல் உள்ள திருட்டுத் தடுப்புப் பூட்டு விழித்துக்கொண்டு, முன்பிருந்த கணக்கின் கடவுச்சொல்லைக் கேட்கும். அந்தக் கடவுச்சொல்லை இன்றுதான் மாற்றினீர்கள் என்றால், ரீசெட் செய்வதற்கு முன் 24 மணி நேரம் காத்திருங்கள்.