ஆபரேட்டர் பதில்கள்

கேள்வி: என் தாத்தா துரை பங்களாவில் சமையற்காரராக இருந்தவர். துரை சீமைக்குத் திரும்பும்போது கொடுத்த தகர டப்பாவில் நான்கு சின்ன பிலிம் சுருள்கள் இருக்கின்றன. மூடியில் 1967 என்று எழுதியிருக்கிறது. திறந்தால் வினாகிரி வாசம். பழைய புரொஜெக்டர் ஒன்று வாங்கி ஓட்டிப் பார்க்கலாம் என்கிறான் தம்பி. ஓட்டலாமா?
— வாசகி, பொகவந்தலாவை

பதில்: வேண்டாம் மகள். தம்பியைத் தடுத்து வையுங்கள்.

அது பிலிம் அழுகுகிற வாசம். பிலிமின் அடித்தளமான அசிட்டேட், ஈரத்திலும் சூட்டிலும் சிதைந்து அசிட்டிக் அமிலத்தைக் கக்கும். வினாகிரியில் இருப்பதும் அதே அமிலம்தான். கக்கிய அமிலமே சிதைவை இன்னும் விரட்டும். பிலிம் சுருங்கிவிட்டால் ஓரத் துளைகள் புரொஜெக்டரின் பற்களில் பொருந்தாது. ஹட்டன் பக்கம் தோட்டம் தோட்டமாகப் படம் ஓட்டித் திரிந்த காலத்தில், வீம்புக்கு அப்படி ஒரு சுருளை ஏற்றினேன். ஒரு கலியாண வீட்டுப் படம். தாலி கட்டும் இடத்தில் சரியாகக் கிழிந்தது. அந்த வீட்டார் எதிரே வந்தால் இன்றும் குறுக்குப் பாதையில் இறங்கிவிடுகிறேன்.

முதலில் சுருள்களைத் துருப்பிடித்த டப்பாவிலிருந்து எடுத்து, காற்றுப் போகும் அட்டைப் பெட்டியில் வையுங்கள். வேறு பிலிம் இருந்தால் தள்ளி வையுங்கள். அமில ஆவி அதையும் பிடிக்கும். அடுப்புக்கு மேலே வைத்தால் காயும் என்று அம்மா சொல்வார். கேட்காதீர்கள். நம் மலைக்குளிர் பிலிமுக்கு நல்லது, மூடுபனியின் ஈரம்தான் பூஞ்சணத்தைக் கொண்டுவரும்.

ஜன்னல் வெளிச்சத்தில் ஓரத்தைப் பிடித்துப் பாருங்கள். துளை சிறியதாய், படத்தின் நடுப்பகுதிக்கு நேரே இருந்தால் 1965இல் வந்த சூப்பர் 8. பெரியதாய், இரண்டு படங்களுக்கு இடையே இருந்தால் பழைய 8 மில்லிமீட்டர். சூப்பர் 8 என்றால் 50 அடிச் சுருள் ஒன்று ஏறக்குறைய 3 நிமிடம் 20 விநாடி ஓடும். பிரதி எடுப்பவரிடம், பற்சக்கரம் இல்லாத ஸ்கேனரில் படம் படமாக எடுக்கும்படி கேளுங்கள். சுவரில் ஓட்டி போனில் பிடித்துத் தருகிறேன் என்பவரிடம் கொடுக்காதீர்கள். பிரதி வந்த பிறகும் மூலச்சுருளை வீசாதீர்கள்.

துரையும் நாயும் ரோஜாப் பாத்தியும்தான் அதில் நிறைய இருக்கும். அவசரப்படாமல் பாருங்கள். பின்னால் தேத்தண்ணித் தட்டோடு ஒருவர் நடந்துபோகக்கூடும்.

கேள்வி: சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தில் நம் ஆட்கள் கோச்சி ஏறிப்போன காட்சிகள் எங்கே கிடைக்கும்?
— வாசகர், தலவாக்கலை

பதில்: படக் காப்பகங்களின் அட்டவணையில் ‘மலையகம்’ என்று தேடினால் அகப்படாது. அட்டவணை எழுதியவர்களின் சொல்லில் தேட வேண்டும்: சிலோன், எஸ்டேட் லேபர், தலைமன்னார் பியர் (நம் ஆட்கள் கப்பல் ஏறிய துறை), நம்மில் ஒரு பகுதியினரை இந்தியாவுக்கு அனுப்ப இரு அரசுகளும் ஒப்பந்தம் போட்ட 1964க்குப் பிந்திய ஆண்டுகள். இக்கரையோடு நிற்காமல், இராமேஸ்வரத்தில் இறங்கிய பக்கத்தையும் பாருங்கள். இந்திய அரசின் பிலிம்ஸ் டிவிஷன் 1948 முதல் செய்திப்படம் எடுத்தது. வெள்ளைக்காரர் காலத்துப் படங்களில் கொழுந்து பறிக்கும் கை கிடைக்கும், லயத்துக் காம்பரா அபூர்வம். தேயிலை விற்கத்தானே காசு கொடுத்து எடுத்தார்கள்! இணையத்தில் இலவசமாகப் பார்க்க முடிகிறது என்பதற்காக உங்கள் படத்தில் சேர்த்துவிடாதீர்கள். அதற்கு உரிமைக் கட்டணம் தனி, பெரும்பாலும் ஓடும் நேரத்தைக் கணக்கிட்டுக் கேட்பார்கள்.