வாசகர் கேள்வி: தாசனும் விஜயனும் இறங்கிய கடற்கரை

கேள்வி: எழுதுவது, நடிப்பது, படம் தயாரிப்பது மூன்றையும் ஒரே ஆள் செய்தால் ஏதாவது ஒன்று கெட்டுப்போகாதா? நகைச்சுவையில் அப்படி உருப்படியாகச் செய்தவர் உண்டா?
– ஒரு வாசகர், பொள்ளாச்சி

யோசிக்காமல் சொல்வேன், மலையாளத்தின் ஸ்ரீனிவாசன். தலச்சேரி பக்கம் பாட்டியம் ஊர்க்காரர். சென்னையில் நடிப்புப் படித்துவிட்டு 1976-ல் 'மணிமுழக்கம்' படத்தில் நடிகராக வந்தார். திரைக்கதை எழுதத் தொடங்கியது 1984-ல்தான்.

1987-ல் வந்த 'நாடோடிக்காற்று' படத்தை நான் பாலக்காட்டில் என் மாமாவோடு பார்த்தேன். தாசனும் விஜயனும் வேலையில்லாத இரண்டு பேர். மாடு வாங்கிப் பால் வியாபாரம் செய்து தோற்று, துபாய்க்குப் போகலாம் என்று கஃபூர் என்பவனிடம் பணத்தைக் கொடுக்கிறார்கள். அவன் ஏற்றிவிட்ட உரு என்கிற மரக்கப்பல் இவர்களைக் கடலில் இறக்கிவிட்டுப் போகிறது. அரபு உடுப்பு மாட்டிக்கொண்டு கரையேறினால், எதிரே தமிழ்ப் பலகை. அது நம்ம மெட்ராஸ்! தியேட்டரே அதிர்ந்தது. மாமாவும் சிரித்தார், சிரித்துக்கொண்டே துண்டால் கண்ணைத் துடைத்தார். வளைகுடாவுக்கு அனுப்புவதாகச் சொன்ன ஒரு ஏஜென்டிடம் அத்தையின் சங்கிலியை விற்றுக் கொடுத்துவிட்டு, இரண்டு வருஷம் மஞ்சள் பையில் பாஸ்போர்ட்டோடு அலைந்தவர் அவர். ஏமாந்தவனைக் கேவலப்படுத்தாமல் சிரிக்க வைத்த எழுத்து அது. கதை சித்திக்-லால், இயக்கம் சத்யன் அந்திக்காடு, திரைக்கதை ஸ்ரீனிவாசன். பி.காம் முதல் வகுப்பு தாசனை மோகன்லாலுக்குக் கொடுத்துவிட்டு, ப்ரீ டிகிரி ஃபெயிலான விஜயனைத் தனக்கு வைத்துக்கொண்டார். உங்கள் கேள்விக்கு என் பதில் இதில்தான் இருக்கிறது. பேனா தன் கையில் இருக்கும்போது நல்ல வேஷத்தை அடுத்தவருக்கு எழுத முடிந்தவருக்கு ஒன்றும் கெட்டுப்போகாது.

கேள்வி: அவர் எழுதியதில் உங்களுக்கு மிகவும் பிடித்தது?
– ஒரு வாசகி, தென்காசி

'வடக்குநோக்கியந்திரம்', 1989. இயக்கமும் அவரே. அச்சகம் நடத்தும் தினேசன், குள்ளம், கறுப்பு என்று தன்னைப் பற்றியே குன்றிப்போனவன். அழகான மனைவி ஷோபாவைச் சந்தேகப்பட்டே சீரழிகிறான். மற்றவர்களைக் கவர வேண்டுமென்று ஒரு துணுக்கை மனப்பாடம் செய்து சபையில் சொல்கிறான். யாரும் சிரிக்கவில்லை. உடனே மனைவியைப் பார்த்து, நீ சிரிக்கவில்லையா என்று கேட்கிறான். அந்த முகத்தைப் பாருங்கள். உதடு சிரிக்கிறது, கண் கெஞ்சுகிறது. இந்த வேஷத்தை எழுதியவரே போடாமல் வேறு ஒருவர் போட்டிருந்தால் அந்தக் கெஞ்சல் வந்திருக்குமா என்பது எனக்குச் சந்தேகம்தான்.

கேள்வி: தயாரிப்பாளராக ஜெயித்தாரா?
– ஒரு வாசகர், நாகர்கோவில்

ஜெயித்தார். 2007-ல் நடிகர் முகேஷோடு சேர்ந்து 'கத பறயும்போள்' எடுத்தார். எழுத்தும் அவரே. கடனில் முங்கிய நாவிதர் பாலன் வேஷமும் அவருக்கே. பாலனின் பால்ய சிநேகிதனாக, சூப்பர் ஸ்டார் நடிகராக மம்மூட்டி. சொந்தப் பணம் போட்ட படத்தில், பள்ளிக்கூட மேடையில் பேசி நம்மை அழ வைக்கும் கிளைமாக்ஸ் காட்சி மம்மூட்டிக்கு! பாலன் கூட்டத்தோடு நிற்கிறான். இருபது வருஷம் கழித்தும் அதே கை.

கேள்வி: இவையெல்லாம் தமிழில் வந்திருக்கின்றனவா?
– ஒரு வாசகி, திருப்பூர்

வந்திருக்கின்றன. 'நாடோடிக்காற்று' எஸ்.வி.சேகரும் பாண்டியராஜனும் நடித்த 'கதாநாயகன்' ஆனது. தினேசன் கருணாஸின் 'திண்டுக்கல் சாரதி'. பாலன் கதைதான் ரஜினியும் பசுபதியும் நடித்த 'குசேலன்'. ஆனாலும் முதலில் மலையாளத்தில் பாருங்கள். பாஷை புரியாதே என்று தயங்க வேண்டாம். மாமாவுக்கும் அன்று பாதி வசனம்தான் புரிந்தது.