கிரேக்கப் புராணத்தில் அதிகம் பேசப்படாத, ஆனால் உங்களுக்குப் பிடித்த தெய்வம் எது?

ஒரு க்விஸ் போட்டியில் தோற்ற கதையோடுதான் இதற்குப் பதில் சொல்ல முடியும்.

கல்லூரி இரண்டாம் ஆண்டு, இறுதிச் சுற்று. "ஒலிம்பஸ் மலையின் பன்னிரண்டு தெய்வங்களையும் சொல்லுங்கள்" என்றார் நடத்தியவர். எனக்கு அது மனப்பாடம். ஜீயஸ், ஹீரா, பொசைடன், டிமீட்டர், அதீனா, அப்பல்லோ, ஆர்ட்டெமிஸ், ஏரிஸ், அஃப்ரொடைட்டி, ஹெஃபைஸ்டஸ், ஹெர்மிஸ் என்று மூச்சுவிடாமல் பதினொன்றை அடுக்கிவிட்டு, கடைசியாக ஹெஸ்டியா என்றேன். "தவறு, டயோனிசஸ்." அவர் கையிலிருந்த அட்டையில் அப்படித்தான் இருந்தது. அரை மதிப்பெண்கூடக் கிடைக்கவில்லை.

அன்று ராத்திரி விடுதிக்கு வந்து தேட ஆரம்பித்தவன் இன்னும் நிறுத்தவில்லை. நான் சொன்னதும் சரி, அவர் சொன்னதும் சரி. ஏதென்ஸின் பார்த்தினான் கோயிலின் கிழக்குப் பக்கச் சிற்ப வரிசையில் பன்னிரண்டு தெய்வங்கள் உட்கார்ந்திருக்கிறார்கள். அதில் டயோனிசஸ் உண்டு, ஹெஸ்டியா இல்லை. பிளேட்டோவோ ஓரிடத்தில், ஜீயஸ் தேரில் முன்னே போக மற்றவர்கள் அணி அணியாகப் பின்னால் போகிறார்கள், பன்னிரண்டில் ஒருத்தியான ஹெஸ்டியா மட்டும் வீட்டிலேயே தங்கிவிடுகிறாள் என்கிறார். அடுப்பு நெருப்பின் தெய்வம் அவள், வீட்டை விட்டு எங்கே போவாள்! டயோனிசஸ் வந்தபோது சண்டை வேண்டாமென்று தன் ஆசனத்தை அவளே விட்டுக்கொடுத்தாள் என்று இணையத்தில் ஒரு கதை சுற்றுகிறது. படிக்க நன்றாக இருக்கும். ஆனால் பழைய கிரேக்க நூல் எதிலும் அது கிடையாது, பிற்காலத்தில் ஒட்டவைத்தது.

தேடியதில் என்னை அசத்தியது ஒலிம்பியாவின் பட்டியல். விளையாட்டு நடந்த அதே ஒலிம்பியாதான். அங்கே பன்னிரண்டு பேருக்கும் ஆறு பலிபீடங்கள், இரண்டிரண்டு பேராக. ஏரிஸ், அஃப்ரொடைட்டி, ஹெஸ்டியா யாருக்கும் இடமில்லை. மாறாக ஆர்ட்டெமிஸோடு ஒரே பீடத்தைப் பங்குபோட்டுக்கொண்டு ஓர் ஆறு இருக்கிறது. ஆல்ஃபியஸ், அந்த ஊரை ஒட்டி ஓடும் ஆறு. உலகத்துக்கே போர்க்கடவுளான ஏரிஸ் வெளியே நிற்க, உள்ளூர் ஆறு உள்ளே!

சரி, கேள்விக்கு வருகிறேன். என் பதில் ஒரு தெய்வம் அல்ல, ஒரு கூட்டம். ஆறுகளும், ஊற்றிலும் மரத்திலும் மலையிலும் குடியிருக்கும் நிம்ஃபுகளும்.

நிம்ஃப் என்ற சொல்லுக்குக் கிரேக்கத்தில் மணப்பெண் என்றும் பொருள் உண்டு. தமிழில் 'அணங்கு' என்று போட்டுப் பார்த்தேன், அச்சம் கொஞ்சம் தூக்கலாகிவிடுகிறது. 'தேவதை' என்றால் சிறகு முளைத்துவிடுகிறது. நிம்ஃபாகவே இருக்கட்டும்.

ஹெஸியட் என்ற கவிஞர், ஏறக்குறைய கி.மு. 700ஐ ஒட்டியவர், தெய்வங்களின் வம்சாவளியைப் பாடியிருக்கிறார். உலகைச் சுற்றி ஓடும் பேராறான ஓஷியானஸுக்கு 3,000 மகள்கள், எல்லோரும் நிம்ஃபுகள்; அதே அளவுக்கு மகன்கள், மகன்களெல்லாம் ஆறுகள். சில டஜன் பெயர்களை அடுக்கிக்கொண்டே போகிறவர், ஒரு கட்டத்தில் கையை விரித்துவிடுகிறார். அத்தனை ஆறுகளின் பெயரையும் சொல்வது மனிதனால் ஆகாது, அந்தந்த ஆற்றின் ஓரத்தில் வாழ்கிறவர்களுக்கு அது தெரியும் என்கிறார். ஜீயஸின் பிறப்பையும் போரையும் விலாவாரியாகப் பாடுகிற கவிஞர், இதை மட்டும் கரையோரத்து ஆட்களிடம் விட்டுவிடுகிறார். எந்த க்விஸ் அட்டையிலும் ஏறாத தெய்வங்கள்.

இவர்கள் 'சிறு தெய்வம்' என்பது சக்தி குறைவு என்ற கணக்கில் மட்டுமல்ல. இவர்களில் நிம்ஃபுகள் சாவார்கள். அஃப்ரொடைட்டியைப் பற்றிய பழைய துதிப்பாடல் ஒன்றில் வருகிறது: மலை நிம்ஃப் பிறக்கும்போது கூடவே ஒரு தேவதாருவோ ஓக்கோ முளைக்கிறது. மரம் நெடுங்காலம் நிற்கும். வேளை வந்ததும் முதலில் நின்ற இடத்திலேயே காய்கிறது, பட்டை சுருங்குகிறது, கிளைகள் விழுகின்றன. மரத்தோடு சேர்ந்து அவளுடைய உயிரும் போகிறது. அந்த நெடுங்காலம் எவ்வளவு என்பதற்கும் ஹெஸியட் பெயரில் ஒரு கணக்கு உண்டு. மனிதத் தலைமுறையைப் போல் ஒன்பது மடங்கு காகம் வாழும், காகத்தைப் போல் நான்கு மடங்கு மான், மானைப் போல் மூன்று மடங்கு அண்டங்காக்கை, அதைப் போல் ஒன்பது மடங்கு ஃபீனிக்ஸ், அதைப் போல் பத்து மடங்கு நிம்ஃப். பெருக்கினால் 9,720 மனிதத் தலைமுறை. எந்தக் காகமும் ஒத்துக்கொள்ளாத கணக்குதான்!

ஆறுகளைப் பற்றிச் சொல்ல நிறைய இருக்கிறது. டிராய் நகரத்து ஆறான ஸ்காமண்டர், தன் நீரோட்டத்தைப் பிணங்களால் அடைக்கிறாயே என்று கோபித்துக்கொண்டு கிரேக்க வீரன் அக்கிலிஸைத் துரத்துகிற காட்சியைப் பலரும் படித்திருப்பீர்கள். எனக்கு அதைவிடப் பிடித்தது, இரண்டு காண்டம் தள்ளி ஹோமரின் இலியட்டில் வரும் ஒரு சின்ன இடம். நண்பன் பாட்ரோக்ளஸின் சிதை அடுக்கியாகிவிட்டது. அக்கிலிஸ் சற்று விலகி நின்று தன் பொன்னிற முடியை அறுக்கிறான். அந்த முடி அவன் ஊர் ஆறான ஸ்பெர்கியஸுக்கு நேர்ந்துவிட்டது. மகன் பத்திரமாகத் திரும்பி வந்தால் முடியும் 50 ஆட்டுக்கடாக்களும் தருவதாக அப்பா வேண்டிக்கொண்டிருந்தார். கடலைப் பார்த்தபடி, தொலைவில் இருக்கும் அந்த ஆற்றிடமே பேசுகிறான் அக்கிலிஸ்: நீ அப்பாவின் வேண்டுதலைக் கேட்கவில்லை, நான் இனி ஊர் திரும்பப்போவதில்லை, இது பாட்ரோக்ளஸோடு போகட்டும். சொல்லிவிட்டு முடியை நண்பனின் கையில் வைக்கிறான். வேண்டுதல் பலிக்காது என்று தெரிந்த பிறகும், நேர்ந்துகொண்ட சாமியிடம் ஒரு வார்த்தை சொல்லிவிட்டுத்தான் அவனால் முடியை வேறு ஆளுக்குக் கொடுக்க முடிகிறது.

ஒடிசியில் யூமேயஸ் என்றொரு பன்றி மேய்ப்பவன். வந்திருக்கும் பிச்சைக்காரன் தன் முதலாளி ஒடிசியஸ்தான் என்று தெரியாமல் பன்றி அடித்து விருந்து வைக்கிறான். வெந்த கறியை ஏழு பங்கு போட்டு, ஒரு பங்கை நிம்ஃபுகளுக்கும் ஹெர்மிஸுக்கும் எடுத்து வைத்துவிட்டுத்தான் மற்றவர்களுக்குப் பரிமாறுகிறான். அந்தக் குடிசையில் அதுதான் வழக்கம்.

அப்புறம், ஹெஸியட் விவசாயிகளுக்குச் சொல்லும் அறிவுரைகளில் இதுவும் உண்டு: ஓடும் ஆற்றைக் கடக்கும் முன் நீரோட்டத்தைப் பார்த்து வேண்டிக்கொள், கையைக் கழுவு. கொஞ்சம் தள்ளி, ஊற்றில் சிறுநீர் கழிக்காதே என்றும் சொல்கிறார். பக்தியும் சுகாதாரமும் ஒரே பக்கத்தில்.

கடைசியாக ஓர் ஆள். ஏதென்ஸுக்குத் தெற்கே, ஹைமெட்டஸ் மலைத்தொடர் முடியும் பக்கத்தில் வாரி என்ற ஊர், அங்கே ஒரு குகை. கி.மு. 5ஆம் நூற்றாண்டில், இன்று சாண்டோரினி என்று அழைக்கப்படும் தேரா தீவிலிருந்து வந்த ஆர்க்கெடமஸ் என்பவன் இந்தக் குகையைச் செதுக்கிச் சீர்செய்திருக்கிறான். கல்தச்சனின் கருவிகளோடு தன் உருவத்தையும் பாறையில் வெட்டி வைத்திருக்கிறான். அப்படி ஒன்றும் அழகான வேலை அல்ல, கை கொஞ்சம் முரடு. பக்கத்துக் கல்வெட்டில் தன்னை 'நிம்ஃப் பிடித்தவன்' என்றே சொல்லிக்கொள்கிறான். நமக்குப் பேய் பிடிக்கிற மாதிரி அவனுக்கு நிம்ஃப் பிடித்திருக்கிறது. அவர்கள் சொல்லித்தான் இந்தக் குகையைச் செய்தேன் என்கிறான். அவர்களுக்காக ஒரு தோட்டமும் போட்டிருக்கிறான்.

அதே குகையில் இன்னொரு கல்வெட்டும் இருக்கிறது. அதில் துதி ஒன்றும் இல்லை. பலி கொடுக்க வருகிறவர்களுக்கான அறிவிப்பு: குடலை வெளியே கொண்டுபோய் அலசுங்கள், சாணியைக் கழுவிவிடுங்கள். யாரோ உள்ளேயே அலசிக் கொட்டிவிட்டுப் போனதைப் பார்த்த எரிச்சலில் வெட்டியது போலத்தான் எனக்குத் தோன்றுகிறது.