உங்கள் பழைய தபால் கார்டில் குத்திய தனுஷ்கோடி அஞ்சல் முத்திரையில் இருக்கும் ஆண்டு 62ஆ, 69ஆ?

62 என்றே வையுங்கள். 1964 டிசம்பர் 22 இரவுப் புயலில் ஊரே போய்விட்டது, 69-க்கு வாய்ப்பில்லை.

தேதி அச்சில் மை அடைத்தால் 2-ன் மேல் கொக்கி மூடிக்கொண்டு 9 போலத் தெரியும். விளக்கைப் பக்கவாட்டில் தாழ்த்திப் பிடித்து, 10 மடங்கு லென்ஸில் அடிப்பகுதியைப் பாருங்கள். 2-க்கு அங்கே தட்டைக் கோடு இருக்கும்.

கார்டு பரமக்குடிக்குப் போனது என்கிறீர்களே, அங்கே பட்டுவாடா முத்திரை (கார்டு வந்து சேர்ந்த ஊரில் தேதியோடு குத்துவது) குத்தியிருக்கிறார்களா? இருந்தால் அதுதான் நல்ல சாட்சி.

ஆண்டை முடிவு செய்ய, தபால்தலையில் 'நயா பைசா' இருப்பதை மட்டும் நம்ப வேண்டாம். 1964 ஜூனில் பைசாவின் பெயரிலிருந்து 'நயா' போன பிறகும் பழைய தபால்தலைகள் ஓடின.

தபால்தலையைக் கழற்ற மட்டும் கார்டைத் தண்ணீரில் ஊற வைத்துவிடாதீர்கள். பாதி தலையிலும் பாதி கார்டிலுமாக முத்திரை சேர்ந்திருப்பதே அதன் மதிப்பு. உங்கள் ராமேஸ்வரத்து ஈரக்காற்றில் கார்டை சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு மூடி வையுங்கள்.